அமேசான் வாசலில் கழற்றிய செருப்பு

மதுரையைச் சுற்றி முப்பது மைல் வட்டத்துக்குள் ஆப்பிரிக்கா, அமேசான், இமயமலை, சஹாரா நான்கும் இருக்கின்றன என்று கண்டுபிடித்த ஒரே மனிதர் எங்கள் சாகசம்தான்.

பூகோள வாத்தியார்கள் சண்டைக்கு வர வேண்டாம், விவரமாகவே சொல்லிவிடுகிறேன். நாகமலைதான் ஆப்பிரிக்கா. வைகை ஆறு வருஷத்தில் பத்து மாதம் சஹாரா. யானைமலை இமயமலை. அதன் பாறையில் இரண்டு மூட்டை கோலமாவைக் கொட்டிப் பனி பெய்ய வைத்தார். காற்று திரும்பியதில் அந்தப் பனி மொத்தமும் ஒத்தக்கடை பஸ் ஸ்டாப்பில் நின்றவர்கள் தலையில் பெய்தது. அமேசான் எங்கே என்பதைப் பிறகு சொல்கிறேன். இந்தக் கதையே அங்கேதான் நடக்கிறது.

கோரிப்பாளையத்தில் ஒரு சின்ன போட்டோ ஸ்டூடியோ வைத்திருந்தார். வாசலில் ஒரு போர்டு: ‘சாகசப் படங்கள். எழுத்து, தயாரிப்பு, எல்லாமே வெளிப்புறம்.’ அந்த போர்டால் அவர் பெயரே சாகசம் ஆகிவிட்டது. தபால்காரர்கூட அப்படித்தான் கூப்பிடுவார். கடைசி இரண்டு வார்த்தைகளுக்கு அவர் உயிரையே கொடுப்பார். கூரைக்குக் கீழே கேமராவைத் தொட மாட்டார். பாஸ்போர்ட் போட்டோவுக்கு வந்தவரைக்கூடத் தெருவில் வேப்பமரத்துப் பக்கம் நிறுத்தித்தான் எடுப்பார். எங்கள் பகுதியில் அந்தக் காலத்து பாஸ்போர்ட் போட்டோக்களில் பாதிப் பேர் வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கியிருப்பார்கள். சிலருக்குப் பின்னால் ஆடு நிற்கும்.

“கூரை இருந்தா அது நாடகம் மாப்ள. தலைக்கு மேல ஆகாசம் இருக்கணும், அதான் படம்” என்பார்.

ஒரு படத்தில் நீதிமன்றக் காட்சி வந்தது. அதைப் பரவைக் கண்மாய்க்குள் எடுத்தார். நீதிபதி கருவேலமர நிழலில் உட்கார்ந்து, காலில் குத்திய முள்ளைப் பிடுங்கிக்கொண்டே ஆயுள் தண்டனை கொடுத்தார்.

நான் அவரிடம் மாட்டிய விதம் சாதாரணமானது. எழுபதுகளின் கடைசியில் அரசு அலுவலகத்தில் குமாஸ்தா வேலை கிடைத்து மதுரைக்கு வந்தேன். போட்டோ எடுக்கப் போனால், மனிதர் என் முகத்தைப் பார்க்கவே இல்லை. காலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“செருப்பு எத்தனாம் நம்பர் போடுறீக?”

“ஒம்பது.”

அவருக்குக் கண் கலங்கிவிட்டது. உள்ளே ஓடிப்போய் ஒரு ஜோடி பூட்ஸைக் கொண்டுவந்தார். ரிட்டயரான ராணுவக்காரர் ஒருவரிடம் கெஞ்சிக் கூத்தாடி வாங்கியது. அதைப் போட்டுக்கொண்டிருந்த கதாநாயகன் மாற்றலாகிப் போனதிலிருந்து, அந்தக் காலுக்காக இரண்டு வருஷமாகக் காத்திருக்கிறாராம்.

“எனக்கு நடிக்க வராதுண்ணே” என்றேன்.

“மூஞ்சி என்னத்தையும் பண்ணிட்டுப் போகுது. தொப்பியப் போட்டு மறைச்சுறலாம். பூட்ஸு பொருந்தணும்ல?”

இப்படியாக நான் கதாநாயகன் ஆனேன். திங்கள் முதல் சனி வரை ஃபைல் கட்டுவேன். ஞாயிற்றுக்கிழமை சிங்கத்திடமிருந்து தப்பிப்பேன். அவருடைய பதினாறு எம்.எம். கேமரா கையால் சாவி முடுக்கி ஓட்டுவது. ஒருமுறை முடுக்கினால் அரை நிமிஷம் ஓடும். அதனால் அவர் படங்களில் எல்லாமே அரை நிமிஷத்துக்குள் முடிய வேண்டும். காதல், துரோகம், மரணம் எதற்கும் சலுகை கிடையாது. ஒருமுறை நான் சாவதற்குக் கொஞ்சம் நேரம் எடுத்துக்கொண்டதில் பாதிச் சாவோடு சாவி நின்றுவிட்டது. அந்தப் படத்தில் நான் இன்றுவரை உயிரோடுதான் இருக்கிறேன்.

வில்லன், எப்போதும், காசிம் பாய். பக்கத்துக் கடை டெய்லர். பூனையைக்கூட “போம்மா” என்று விரட்டுகிற சாது. ஆனால் மீசை பெரிது. உடைகளும் அவர் தைத்ததுதான். சாகசம் கதை எழுதுவதும் பாய் கடையில்தான், அவர் அளவு வரைந்து வெட்டிய காக்கித்தாளின் மறுபக்கத்தில். ‘முதல் காட்சி கைப்பக்கம் இருக்கு, கிளைமாக்ஸ் காலர்ல இருக்கு’ என்று தேடுவோம். ஒருமுறை பாய் தெரியாமல் திரைக்கதையை வைத்துத் துணி வெட்டிவிட்டார். படம் நின்றுபோனது, சட்டை நன்றாக வந்தது.

படங்கள் எங்கே ஓடும் என்று கேட்கிறீர்களா? பள்ளிக்கூட மைதானங்களில், திருவிழாக்களில், வேட்டியைத் திரையாகக் கட்டி. ஊர் விட்டு ஊர் போனதில்லை. அந்த வருத்தம் அவருக்கு உள்ளே இருந்தது. நாங்கள் அதைக் கவனிக்காதவர்கள் போல இருப்போம்.

ஒரே ஒருமுறை மட்டும் அவர் படைப்பு ஊர் தாண்டிப் போனது. அது முதலை. சோழவந்தான் பக்கம் வைகையில் தண்ணீர் ஓடிய சமயம், பனந்துண்டில் வாய், பல், வால் எல்லாம் வைத்து முதலை செய்து கயிறு கட்டி விட்டிருந்தார். நான் அதோடு கட்டிப்புரண்டதில் கயிறு அறுந்தது. முதலை என்னை விட்டுவிட்டுக் கிழக்கே போய்விட்டது. மறுநாள் பரவைப் பக்கம் ஆற்றில் குளித்தவர்கள் துணியைக்கூட எடுக்காமல் கரையேறி ஓடினார்களாம். காய்கறி மார்க்கெட் அரைமணி நேரத்தில் காலி. நாங்கள் பயந்துபோய் ஓடினோம். அங்கே கூட்டம் கம்பு, கல்லோடு நிற்கிறது. சாகசம் கூட்டத்தைப் பிளந்துகொண்டு போய், இடுப்பளவு தண்ணீரில் இறங்கி, முதலையின் கழுத்தைக் கட்டிக்கொண்டார். இரண்டு பெண்கள் மயக்கம் போட்டார்கள்.

“பாத்தியா மாப்ள, டைரக்டர் இல்லாமயே நடிச்சிருக்கு” என்றார். முகமெல்லாம் வெளிச்சம்.

எண்பதுகளில் கல்யாண வீடியோ வந்தது. சாகசத்தின் மச்சினன், அதாவது நாங்கள் மதினி என்று கூப்பிடும் அவர் மனைவியின் தம்பி, வீடியோ கேமரா வாங்கிவிட்டான். மண்டபம் மண்டபமாக அழைப்பு. கூட்டாளியாக வந்துவிடுங்கள் என்று மாமனைக் கூப்பிட்டான். மண்டபம் என்றால் கூரை. கூரை போதாதென்று உள்ளே இன்னொரு துணிப்பந்தல் வேறு. சாகசம் நாளைக் கடத்திக்கொண்டே வந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை நாங்கள் கிளம்பும்போது மதினி வாசலில் வந்து நின்றார்.

“வயசு அம்பதாகப் போகுது. முள்ளுக்காட்டுலயும் பாறையிலயும் விழுந்து எந்திரிச்சது போதும். இந்தத் தையோட நிறுத்திக்கங்க. தம்பிக்கு நான் வாக்குக் குடுத்துட்டேன்.”

சாகசம் கேமராவைத் திண்ணையில் இறக்கி வைத்தார். பிறகு, “ஒரு படம். மெட்ராஸ் டி.வி. ஸ்டேஷனுக்கு அனுப்புறேன். அது டி.வி.ல வரலைன்னா கேமராவ நானே மண்டபத்துக்குள்ள கொண்டு போறேன்” என்றார்.  

அந்த ஒரு படம்தான் ‘அமேசானில் தனி ஒருவன்’.

இப்போது அமேசான். சோழவந்தான் வெற்றிலைக் கொடிக்காலுக்குள் போயிருக்கிறீர்களா? அகத்தி மரங்களில் கொடி ஏறி, ஆள் உயரத்துக்கு மேலே பின்னிக்கொண்டு, நடுப்பகலிலும் உள்ளே இருட்டும் ஈரமுமாக இருக்கும். வரிசைக்கு நடுவே தண்ணீர் ஓடும். கொடிக்காலின் சொந்தக்காரர் முத்திருளாண்டி என் வயதுக்காரர். படம் எடுக்கச் சந்தோஷமாகச் சம்மதித்தார். நான் காக்கி உடை, தொப்பி, துப்பாக்கி, ஒன்பதாம் நம்பர் பூட்ஸ் சகிதம் வந்து நின்றதும் முகம் மாறிவிட்டது.

“செருப்புக் காலோட உள்ள வரக்கூடாதுண்ணே.”

“இது செருப்பு இல்லப்பா, பூட்ஸு” என்றார் சாகசம்.

“என்னவா இருந்தா என்ன? எங்கய்யா காலத்துல இருந்து ஒருத்தரும் காலுல போட்டுக்கிட்டு ஏறுனதில்ல. கலெக்டரே வந்தாலும் கழட்டிட்டுத்தான் வரணும்.”

அமேசான் ஆராய்ச்சியாளர் வெறுங்காலோடு எப்படி வருவார்? சாகசம் நெற்றியைத் தேய்த்தார். தேய்த்தால் ஏதாவது வரும்.

“சரி மாப்ள. ஓரம் வரைக்கும் பூட்ஸோட ஓடி வா. அங்க நான் கேமராவ நிப்பாட்டுறேன். கழட்டிட்டு உள்ள ஓடு. உள்ள இடுப்புக்கு மேலதான் எடுப்பேன். பாய், உங்களுக்கும் அதே கணக்குத்தான்.”

திட்டம் நன்றாகத்தான் இருந்தது. ஓடினோம். ஓரம் வந்தது. உள்ளே படம் எடுப்பதில் ஒரு சிக்கலும் வந்தது. கொடி நெருக்கத்தில் நின்று எடுக்கவே முடியவில்லை. வாய்க்காலில் மல்லாக்கப் படுத்துத்தான் எடுத்தார். படுத்துக்கொண்டு எடுத்தால் முதலில் கால்தான் தெரியும். பரவாயில்லை, யார் காலைப் பார்க்கப் போகிறார்கள் என்று தேற்றிக்கொண்டோம். மாலைக்குள் முடிந்தது. கையில் இருந்த ஃபிலிமும் கடைசி அடி வரை முடிந்தது.

கழுவி வந்த படத்தைக் காசிம் பாய் வீட்டு மொட்டை மாடியில் போட்டுப் பார்த்தோம். டி.வி. ஸ்டேஷனுக்கு அனுப்ப வேண்டிய கடைசித் தேதிக்கு நான்கு நாள்தான் இருந்தது. முத்திருளாண்டியும் வந்திருந்தார்.

திரையில் நான் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு ஓடி வருகிறேன். பின்னால் வில்லன் கத்தியோடு துரத்துகிறார். கொடிக்கால் ஓரம் வருகிறது. நான் நிற்கிறேன். பூட்ஸைக் கழற்ற ஒற்றைக் காலில் தடுமாறுகிறேன். கொல்லத் துரத்தி வந்த காசிம் பாய் என் துப்பாக்கியை வாங்கி வைத்துக்கொண்டு பொறுமையாக நிற்கிறார். நான் கழற்றி முடித்ததும் துப்பாக்கியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, தன் செருப்பையும் கழற்றி என் பூட்ஸுக்குப் பக்கத்தில் விடுகிறார். அதில் ஒன்று கவிழ்ந்துவிடுகிறது. உடனே வலது பக்கமிருந்து சாகசமே வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு படத்துக்குள் வருகிறார். கவிழ்ந்த செருப்பை நிமிர்த்தி, ஜோடியாகச் சேர்த்து வைத்துவிட்டு, வந்த வழியே போகிறார். பிறகு நான் உயிருக்குப் பயந்து ஓடுகிறேன். பாய் கொலைவெறியோடு துரத்துகிறார்.

கேமராவை நிறுத்த யாருக்கும் நினைவில்லை. செருப்பு கவிழ்ந்து கிடந்தால் சண்டை வரும் என்பது மட்டும் அவருக்கு நினைவிருந்திருக்கிறது.

 முத்திருளாண்டி மட்டும், “சரியாத்தான எடுத்திருக்கீக” என்றார்.

அந்த அரை நிமிஷத்தை வெட்டினால், பூட்ஸோடு ஓடி வந்தவன் அடுத்த நொடி வெறுங்காலோடு ஓடுகிறான். வெட்டாவிட்டால் மானம் போகிறது. திரும்ப எடுக்க ஃபிலிம் இல்லை. சாகசம் அன்று மாடிப்படியில் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தார். அவர் அப்படி உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. 

கடைசியில், ‘அமேசான் மக்கள் காட்டைத் தெய்வமாக மதிப்பவர்கள், பகைவரும் காலணியைக் கழற்றிய பிறகே கொல்வார்கள்’ என்று ஒரு பின்னணிக் குரல் சேர்த்து, கண்ணை மூடிக்கொண்டு அனுப்பிவிட்டார்.

மூன்று வாரம் கழித்துக் கடிதம் வந்தது. சாகசம் படிக்கச் சொல்லி என்னிடம் நீட்டினார். ‘தங்கள் படம் பார்வையிடப்பட்டது. இதில் அமேசான் காடு எங்கும் காணப்படவில்லை. ஆயினும் வெற்றிலைக் கொடிக்கால் மிகத் தெளிவாகப் படமாகியுள்ளது. தக்க விளக்கவுரையுடன் எட்டு நிமிடப் படமாகச் சுருக்கித் தந்தால் விவசாயிகளுக்கான நிகழ்ச்சியில் ஒளிபரப்பப் பரிசீலிக்கப்படும்.’

“என் அமேசான வெத்தலைன்னு சொல்லிட்டானுக மாப்ள” என்றார். அவ்வளவுதான். கேமராவைப் பெட்டியில் வைத்துப் பூட்டினார். மண்டபத்துக்குப் போவதாக முடிவு செய்துவிட்டார்.

விஷயத்தைச் சொல்லிவிட்டு வர சோழவந்தானுக்குப் போனோம். முத்திருளாண்டி கேட்டதும் துள்ளினார்.

“நம்ம கொடிக்காலு டி.வி.ல வருமா? எம்புட்டுப் பெரிய விசயம். ஏண்ணே வேண்டாங்குறீக?”

“நான் எடுக்குறது சாகசப் படம்ப்பா. வெவசாயத்துல என்ன சாகசம் இருக்கு?”

முத்திருளாண்டி சிரித்துவிட்டார். “மழை ரெண்டு நாளு சேந்தாப்ல பேஞ்சுட்டாப் போதும்ணே, ஒரு சீக்கு வரும். இன்னிக்கு ஒரு கொடி வாடும். நாலு நாளுல பூராம் அழுகிப் போயிரும். நான் ரெண்டு தடவ எல்லாத்தையும் பறிகொடுத்துட்டு நின்னுருக்கேன்.”

“நாலே நாள்லயா?” சாகசத்தின் கை நெற்றிக்குப் போனது. “எங்கிட்டு இருந்து வருது?”

“மண்ணுல இருந்துதான். சீக்கு விழுந்த கொடிக்காலுல மிதிச்சவன் அதே செருப்போட இங்கிட்டு வந்தாப் போதும், ஒட்டிக்கிட்டு வந்துரும்னு வெவசாய ஆபீசர்கூடச் சொன்னாரு. அதுக்குத்தான அன்னைக்கு அம்புட்டுச் சொன்னேன்.”

சாகசம் வரப்பிலேயே எழுந்து நின்றுவிட்டார். காற்றில் வேட்டி படபடக்கிறது, மனிதர் ஆகாசத்தைப் பார்க்கிறார்.

“மாப்ள, வில்லன் கெடச்சுட்டான். காசிம் பாய்தான் அந்தச் சீக்கு.”

அன்று பஸ்ஸில் திரும்பும்போதே எழுத ஆரம்பித்துவிட்டார். தாள் இல்லை. என் சட்டையின் முதுகில் எழுதினார். தெப்பக்குளம் வரை போக வேண்டிய நான் கோரிப்பாளையத்திலேயே இறக்கப்பட்டேன், வசனம் என்னோடு போய்விடக் கூடாதாம்.

அதே படத்தை எட்டு நிமிஷமாகச் சுருக்கி, இந்த வசனத்தை விளக்கவுரையாக்கி அனுப்பினார். ஒளிபரப்பு நாள் வந்தது. ஸ்டூடியோ இருந்த தெருவில் ஒரே டி.வி. காசிம் பாயுடையது. துபாயிலிருந்து அவர் மச்சான் கொண்டுவந்தது. அதைத் தெருவுக்குக் கொண்டுவந்தால்தான் பார்ப்பேன் என்று சாகசம் ஒற்றைக்காலில் நின்றார். “ஆகாசத்துல வர்ற படத்த ஆகாசத்துக்குக் கீழ பாக்குறதுதான் மொற.” தையல் மேஜையைத் தெருவில் போட்டு டி.வி.யை ஏற்றினோம். தெருவே திரண்டுவிட்டது. சோழவந்தானிலிருந்து முத்திருளாண்டி ஒரு வேன் ஆட்களோடு வந்து இறங்கினார். மதினி கூட்டத்தின் கடைசியில் நின்றார்.

நிகழ்ச்சி ஆரம்பித்தால், திரை முழுக்கப் புள்ளி மழை. காசிம் பாய் மாடிக்கு ஓடி ஆன்டெனாவைப் பிடித்தார். படம் தெளிந்தது. விட்டார், போய்விட்டது. பிடித்தார், வந்தது. கடைசியில் பாய் பிடித்துக்கொண்டே நிற்பதென்று முடிவாயிற்று.

‘எழுத்து, தயாரிப்பு’ என்று போட்டு ஒரு பெயர் வந்தது.

“யாருப்பா இது? நம்ம சாகசம் பேரு எங்க?” என்று கூட்டம் கொதித்தது. ஏமாற்றிவிட்டான்கள் என்று ஒருவர் டி.வி.யை நோக்கிக் கை நீட்டினார். சாகசத்தின் சொந்தப் பெயர் அதுதான் என்பது அங்கே மதினி ஒருவருக்குத்தான் தெரியும்.  அவரோ சேலைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டிருந்தார்.

“பச்சைப் பசேலென்று விரிந்த கொடிக்கால்” என்றது குரல். கறுப்பு வெள்ளை டி.வி. சாம்பல் நிறத்தில் காட்டியது. “இங்கே ஒரு கொடியவன் நுழையக் காத்திருக்கிறான். அவன் பெயர் வாடல் நோய்.” கத்தியோடு பாய் ஓடி வந்தார். பெண்கள் பின்வாங்கினார்கள்.

மாடியிலிருந்து குரல் வந்தது. “தம்பி, நான் வந்துட்டேனா?”

“வந்துட்டீங்க பாய். அசையாதீக.”

“இப்ப என்ன செய்யிறேன்?”

“எந் துப்பாக்கிய வாங்கி வச்சிருக்கீங்க. இப்பச் செருப்பக் கழட்டுறீங்க.”

“அல்லா, நல்லா இருக்கா?”

“எவ்வளவு அவசரமானாலும் சரி, எமனே துரத்தினாலும் சரி,” என்றது டி.வி.யில் சாகசத்தின் எழுத்து, “காலணியைக் கொடிக்காலுக்கு வெளியே கழற்றுங்கள். அதில் ஒட்டிய மண்ணில்தான் நோய் இருக்கிறது.”

அந்த நேரம் பார்த்து வலது பக்கமிருந்து வேட்டியை மடித்துக் கட்டிய ஓர் ஆள் நிதானமாக வந்தார். கவிழ்ந்த செருப்பை நிமிர்த்தினார். ஜோடி சேர்த்தார். போனார்.

 தெரு வெடித்தது. “ஏ, நம்ம சாகசம்டா.” விசில் பறந்தது. முத்திருளாண்டி ஆட்கள் துண்டைச் சுழற்றினார்கள். மாடியில் பாய் உற்சாகத்தில் ஆன்டெனாவை விட்டுவிட்டுக் கைதட்டினார். மிச்சப் படத்தைப் புள்ளி மழையாகத்தான் பார்த்தோம். யாருக்கும் வருத்தமில்லை. நான் திரும்பிப் பார்த்தேன். சாகசம் டி.வி.யைப் பார்க்கவில்லை. ஓடிக்கொண்டிருந்த படத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, எங்கள் முகங்களையே ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டிருந்தார். அழுதுகொண்டும் இருந்தார்.

அடுத்த மாதமே மல்லிகை பற்றி எடுத்துத் தரச் சொல்லிக் கடிதம் வந்தது. பிறகு கரும்பு, பிறகு கண்மாய் மடை. எல்லாமே சாகசம்தான். ஒரு படத்தில் என்னை மொட்டுப்புழு துரத்தியது. மல்லிகைப் படத்துக்குக் கிளம்பிய ஞாயிற்றுக்கிழமை காலையில் மதினி மறுபடி வாசலில் வந்து நின்றார். நாங்கள் பயந்துவிட்டோம். அவர் கையில் இருந்த தொப்பியை நீட்டினார்.

“வெயிலு கொல்லுது. தலைக்கு மேல ஆகாசம் போதும்னு இதைப் போடாம இருந்துறாதீக.”

தொப்பி கதாநாயகனுக்கு உரியது, அதாவது என்னுடையது. நான் அதைத் திருப்பிக் கேட்கவில்லை.

சாகசம் காலமாகிப் பல வருஷங்கள் ஆகின்றன. கேமராவை மச்சினன் எடுத்துக்கொண்டான். எனக்கு அந்த ஒன்பதாம் நம்பர் பூட்ஸைக் கொடுத்தார்கள். அதை வீட்டுக்குள் வைக்க எனக்கு மனம் வரவில்லை. மொட்டை மாடியில், ஜோடி சேர்த்து, நிமிர்த்தி வைத்திருக்கிறேன். மழையில் நனைகிறதே என்று என் மனைவி சத்தம் போடுவாள். நனையட்டும், அவருக்குக் கூரை ஆகாது.